ரெண்டு பிரபு, ஒரு எடிட்டர்

நாங்க போட்ட புக்ல ராண்டால்ஃப் சர்ச்சில், பிரதமர் சாலிஸ்பரி ரெண்டு பேருக்கும் சார் 'பிரபு'ன்னே போட்டாரு, நான் வேணாம்னேன். "இங்கிலீஷ்காரனே ரெண்டு பேரையும் லார்டுன்னுதான் சொல்றான், உனக்கென்னய்யா"ன்னு எடிட்டர் சார் கேட்டப்ப எங்கிட்ட பதில் இல்ல. இப்ப இருக்கு, ஏழு மாசமா பஸ்ல, பாத்ரூம்லன்னு எல்லா இடத்துலயும் அவருக்கு சொல்லிக்கிட்டே இருக்கேன்.

ராண்டால்ஃப் சர்ச்சில், வின்ஸ்டனோட அப்பா. மார்ல்பரோ டியூக்னு பெரிய பட்டக்காரரோட பையன், ஆனா மூத்தவர் இல்ல. அங்க பட்டம், அரண்மனை எல்லாம் மூத்தவனுக்குதான், இளையவங்களுக்கு மரியாதைக்கு பேருக்கு முன்னாடி லார்டுன்னு ஒரு ஒட்டு, அவ்ளோதான். சட்டப்படி சாதாரண ஆளு, அதனாலதான் 1874ல அவங்க குடும்பத்து பிளென்ஹைம் அரண்மனை வாசல்லயே இருக்கற உட்ஸ்டாக்ல நின்னு எம்பி ஆகி, ஓட்டுல ஜெயிச்சவங்க உக்கார்ற கீழவையான காமன்ஸுக்கு போக முடிஞ்சுது.

நான் லார்டு ராண்டால்ஃப்னு எழுதினத சார் பூரா ராண்டால்ஃப் பிரபுன்னு மாத்திட்டாரு. பக்கத்துலயே பிரதமர் சாலிஸ்பரி பிரபு, அவரு நிஜ பிரபு, மேலவைல உக்காந்து ஆட்சி நடத்துறவரு. பிரதமர் அங்க இருந்ததாலதான் 37 வயசுல நிதியமைச்சரான ராண்டால்ஃப் கையில காமன்ஸ் தலைமையும் இருந்துச்சு, அவரோட பவரே அதுதான். ரெண்டு பேரும் பிரபுன்னா படிக்கறவனுக்கு இது எப்படி புரியும்?

சார், லார்டுக்கு அப்புறம் சொந்தப் பேரு வந்தா டியூக் மாதிரி பெரிய வீட்டு இளையவன், பட்டப் பேரு வந்தா பெரும்பாலும் நிஜ பிரபு. இவ்ளோதான் பதில். ஆனா சாலிஸ்பரியே முன்னாடி லார்டு ராபர்ட் செசில்னு காமன்ஸ்ல இருந்தவர்தான், 1865ல அண்ணன் செத்ததாலதான் வாரிசானாரு. இத சொல்லியிருந்தா சார் இன்னும் சிரிச்சிருப்பாரு.

அன்னிக்கே வேலைய விட்டுடலாம்னு இருந்துச்சு. நேரம் பாருங்க, ஸ்க்ரீன்ல ஓடிட்டு இருந்ததே 1886 டிசம்பர் அத்தியாயம். ராணுவ, கடற்படை செலவ குறைக்கணும்னு மல்லுக்கட்டி, வின்ட்சர்ல ராணிக்கு விருந்தாளியா இருந்துக்கிட்டே அரண்மனை பேப்பர்லயே ராஜினாமா எழுதினாரு ராண்டால்ஃப். கெஞ்சிக் கூப்பிடுவாங்கன்னு நெனச்சிருப்பாரு போல. சாலிஸ்பரி சரின்னுட்டாரு, அந்த எடத்துக்கு கோஷன்னு ஒருத்தர் வந்துட்டாரு. ஒரு பட்ஜெட் கூட போடல, 1895ல 45 வயசுல சாகற வரைக்கும் திரும்ப மந்திரியும் ஆகல.

இத டைப் பண்ண கையால நான் எங்க ராஜினாமா எழுதறது. பயந்துட்டேன்னு சொல்லலாம். ஒரு வார்த்தைக்கு எவனாவது வேலைய விடுவானான்னும் சொல்லலாம், வீட்டு வாடகை இருக்கு, எனக்கு டியூக் அண்ணனும் இல்ல. ராண்டால்ஃப் கேட்ட சிக்கனம் நியாயம்தான்னு மட்டும் எனக்கு இன்னும் தோணுது, ஆனா அவரு அந்தக் கணக்குக்காகத்தான் போனாரா இல்ல ரோஷத்துக்கா, அது வேற.

புக் வந்தப்புறம் ஒரு வாசகர் போன் பண்ணி, "பிரபு எப்படிங்க ஓட்டு கேட்டு ஜெயிச்சாரு?"ன்னு கேட்டாராம். எடுத்தது சார்தான், என்ன பதில் சொன்னாருன்னு எங்கிட்ட சொல்லவே இல்ல, நானும் கேக்கல.

இப்ப ரெண்டாம் பதிப்பாம். நேத்து ஃபைல தொறந்து பிரபுவ எல்லா எடத்துலயும் ஒரே அடியா தூக்கினேன், சாலிஸ்பரிக்கும் சேர்ந்து பட்டம் போயிருச்சு. அன்டூ பண்ணிட்டு ஒன்னொன்னா தேடிட்டு இருக்கேன், சார்கிட்ட இன்னும் சொல்லல.