மனூமின் அறுவடை: படப்பிடிப்பு நாட்குறிப்பு

ஆகஸ்ட் 27, லீச் ஏரி, மின்னசோட்டா

அமெரிக்கப் பூர்வகுடிகளான ஒஜிப்வே மக்களின் மனூமின், அதாவது ஏரிநீரில் விளையும் காட்டரிசி, கதிரின் நுனியிலிருந்து கீழ்நோக்கிப் பழுக்கிறது. அதனால் ஒரே இடத்தில் சில நாள் இடைவெளி விட்டுப் பலமுறை உதிர்க்கிறார்கள். ஒரே நாளில் ஷூட்டிங்கை முடித்தால் அறுவடையின் முறையே படத்தில் வராது.

ஆகஸ்ட் 29

ஏரியில் இறங்குமுன் நீரில் புகையிலை இட்டு வணங்குகிறார்கள். அப்போது கேமராவை அணைத்துத் தரையில் வைத்துவிட வேண்டும். தூரத்திலிருந்து ஒரே ஒரு ஷாட் என்ற பேச்சும் கூடாது.

ஒப்பந்தத்தில் மூன்று வரிகள் கட்டாயம்: எடிட் செய்ததை அவர்கள் முதலில் பார்ப்பது, வேண்டாம் என்றதை நீக்குவது, வெட்டாத முழுப் பதிவின் பிரதி அவர்களிடம் இருப்பது. கடைசி வரியைத்தான் பலர் விட்டுவிடுகிறார்கள். நாளை ஒரு பேத்தி கைப்பக்குவம் கற்க உதவப்போவது அந்தப் பதிவுதான்.

ஆகஸ்ட் 31

ஓடத்தில் இருவர். ஒருவர் நின்றபடி கழி ஊன்றித் தள்ளுகிறார். மற்றவர் கையில் இரண்டு மெல்லிய மரக்கோல்கள். ஒன்று தாளை ஓடத்துக்குள் வளைக்கிறது, மற்றது கதிரைத் தடவிவிடுகிறது. மாநில விதிப்படி கோல் 30 அங்குல நீளத்தையும் 1 பவுண்டு எடையையும் தாண்டக் கூடாது. ஓங்கி அடித்தால் தாள் முறியும், பழுக்காத கதிரும் கெடும். ஷட்டரை 1/500-ல் வைத்து எடுத்தால் இந்தத் தடவல் வெட்டுவெட்டென்று அடிபோலத் தெரிகிறது. நொடிக்கு 24 பிரேமுக்கு 1/48 போதும், வெயிலுக்கு ஒளியைக் குறைக்கும் என்.டி. ஃபில்டர்.

நம் ஓடம் கதிருக்குள் புதுவழி போடக் கூடாது. அவர்கள் போன தடத்திலேயே பின்தொடர வேண்டும். சட்டையில் குத்தும் லேப்பல் மைக் உயிர்காப்புச் சட்டையில் உரசிக்கொண்டே இருக்கும். காற்றிரைச்சலைத் தடுக்கும் ரோமக் கவசம் போட்ட சின்ன ரெக்கார்டரை ஓடத்தின் முனையில் கட்டினால் மணி உதிரும் சத்தம் மழைபோலக் கிடைக்கிறது. நீரில் இருக்கும்வரை லென்ஸ் மாற்றாதீர்கள், மணியின் சுணை உள்ளே புகுந்துவிடும்.

செப்டம்பர் 2

ஈரமணியைக் குவித்துவைத்தால் சூடேறிப் பூஞ்சை பிடிக்கும். தார்ப்பாயில் பரப்பி ஆறவிட்ட பிறகே வறுவல். சாய்த்துவைத்த இரும்புக் கொப்பரை, சிறுதீ, மரத்துடுப்பால் ஏறக்குறைய ஒரு மணி நேரம் ஓயாத கிளறல். தீ கூடினால் பொரிந்துவிடும், கை நின்றால் கருகும். முதலில் மந்தமாகச் சலசலக்கும் மணி, ஈரம் போகப் போகக் கலகலவென்று ஒலிக்கிறது. இந்த மாற்றம் கேட்க வேண்டுமானால் ஒரு கொப்பரை முழுவதையும் வெட்டாமல் பதிய வேண்டும். ஆவி படாமல் மைக் ஒரு மீட்டர் தள்ளி இருக்கட்டும்.

பிறகு குழியில் இட்டு, மொக்கசின் என்ற மென்தோல் காலணி அணிந்த காலால் மிதித்து உமி நீக்குகிறார்கள். உடல் கனம் குறைந்தவர்தான் இறங்குவார், பாரம் கூடினால் மணி நொறுங்கும். பிர்ச் மரப்பட்டைத் தட்டில் புடைக்கிறார்கள். முறம் பிடித்த கைகளுக்கு அந்த மணிக்கட்டு அசைவு உடனே புரியும். வெயில் எதிரே இருந்தால்தான் பறக்கும் உமி படத்தில் தெரியும்.

செப்டம்பர் 5

சமையல் குளோசப்பில் கடையில் வாங்கிய கறுப்புக் காட்டரிசியை வைக்கவே கூடாது. அது பெரும்பாலும் வயலில் பயிரிட்டது, வேக 45 நிமிடத்துக்கு மேல் ஆகும். ஏரியிலிருந்து வந்து கொப்பரையில் வறுபட்டது பழுப்பும் பச்சையுமாக இருக்கும், 20 நிமிடத்தில் மலர்ந்துவிடும். ஒஜிப்வே வீட்டுக் குழந்தைக்கே வித்தியாசம் தெரியும்.

செப்டம்பர் 7

பெரியவர்களிடம் பேட்டி. நாற்காலியில் சும்மா உட்காரவைத்தால் பொதுவாகத்தான் பேசுவார்கள். மடியில் ஒரு தட்டு மனூமினைக் கொடுத்துக் கல் பொறுக்கச் சொன்னால் ஏரிகளின் பெயர்கள் தானாக வருகின்றன. எந்த ஏரியில் இப்போது விளைவதில்லை என்று கேளுங்கள். பதிலில் அணை வரும், சுரங்கக் கழிவின் சல்பேட் வரும் (மாநில வரம்பு லிட்டருக்கு 10 மில்லிகிராம்), காட்டரிசி சேகரிக்கும் உரிமையை எழுதிவைத்து அமெரிக்க அரசோடு செய்த 1837 உடன்படிக்கையும் வரும். உடன்படிக்கையின் வாசகத்தைத் தனி ஷாட்டாக எடுக்க வேண்டும். 1999-ல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் உறுதிசெய்தது அதிலுள்ள உரிமையைத்தான்.

அணையின் நீர்மட்ட அளவுகோல் இன்னும் எடுக்கவில்லை. நாளை காற்று எழுமுன் எடுக்க வேண்டும்.