நிலவறை வரைபடம்: ஆடி மாதக் குறிப்புகள்

ஜூலை 17, 2025, ஈரோடு

இன்று ஆடி முதல் நாள். மாலையில் வாசலில் தீ மூட்டி, பச்சரிசி, பாசிப்பருப்பு, வெல்லம், எள் எல்லாம் அடைத்த தேங்காயை அழிஞ்சில் குச்சியில் செருகிச் சுட்டு, பிள்ளையாருக்குப் படைத்துவிட்டு உண்டோம். வீடு அடங்கிய பிறகு, பல மாதங்களாகத் தள்ளிப் போட்டுவந்த 'விசார்ட்ரி' ஆட்டத்தைத் தொடங்கினேன். 1981ஆம் ஆண்டு ஆப்பிள் 2 கணினிக்காக ஆண்ட்ரூ கிரீன்பெர்க், ராபர்ட் உட்ஹெட் என்ற இருவர் உருவாக்கிய நிலவறை ஆட்டம் இது. அதன் பழைய நிரலையே அடித்தளமாக வைத்து டிஜிட்டல் எக்லிப்ஸ் நிறுவனம் 2024இல் வெளியிட்ட புதிய பதிப்பு என்னிடம் இருக்கிறது.

ஆட்டத்தின் அமைப்பு எளிது. மண்ணுக்கடியில் பத்து அடுக்குகள்; ஒவ்வோர் அடுக்கும் 20க்கு 20 கட்டங்கள். ஆறு பேர் கொண்ட குழுவைச் சேர்த்துக்கொண்டு, ஒரு முறைக்கு ஒரு கட்டமாக நடந்து இறங்க வேண்டும். குழுவுக்கு எங்கள் ஊர்ப் பெயர்களையே வைத்தேன். முன்வரிசையில் நின்று சண்டையிடச் சென்னியப்பன், நாச்சிமுத்து, செல்லாத்தாள். பின்வரிசையில் பூட்டுத் திறக்க மாரப்பன், மந்திரத்துக்குப் பொன்னம்மாளும் குப்பாயியும். பின்வரிசையில் நிற்பவர்களின் வாள் எதிரியை எட்டாது என்பதால், யாரை எங்கே நிறுத்துகிறோம் என்பதிலேயே பாதிப் போர் முடிந்துவிடுகிறது.

வரைபட உதவி எதையும் பார்ப்பதில்லை என்று முதல் நாளே முடிவு செய்துகொண்டேன். மேசையில் ஒரு கிராஃப் தாள், ஒரு பென்சில், ஓர் அழிப்பான். அந்தக் காலத்தில் இந்த ஆட்டத்தை விளையாடியவர்கள் செய்ததும் இதைத்தான்.

ஜூலை 20

ஞாயிற்றுக்கிழமை என்பதால் மூன்று மணி நேரம் தொடர்ந்து ஆட முடிந்தது. மேல் அடுக்கின் பெரும்பகுதியை வரைந்துவிட்டேன்.

நாற்பத்து மூன்று வயதில், நூல் கடையில் நாள் முழுவதும் கணக்கு எழுதிவிட்டு வரும் ஒருத்திக்கு இந்த வகை ஆட்டம் ஏன் இவ்வளவு பொருந்துகிறது என்று யோசித்துப் பார்த்தேன். முதல் காரணம், அது காத்திருக்கிறது. நான் அடுத்த கட்டளையைக் கொடுக்கும் வரை எதிரி அசைவதில்லை. நடுவில் எழுந்து போய் அப்பாவுக்கு மாத்திரை எடுத்துக் கொடுத்துவிட்டு வந்தாலும் எல்லாம் அப்படியே நிற்கும். 1987இல் அடாரி எஸ்டி கணினிக்கு வந்த 'டஞ்சன் மாஸ்டர்' இந்தப் பொறுமையைக் கைவிட்டு, நாம் யோசிக்கும் நேரத்திலும் எதிரி நெருங்கி வருமாறு செய்தது. பின்லாந்துக்காரர்கள் 2012இல் வெளியிட்ட 'லெஜண்ட் ஆஃப் கிரிம்ராக்' அதே வழியில் வந்தது. இரண்டும் சிறந்த ஆட்டங்கள் என்பதை மனமார ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அவை விரல்களிடம் வேகத்தைக் கேட்கின்றன, என்னிடம் மீந்திருப்பதோ கவனம் மட்டும்தான். இரண்டாவது காரணம், இங்கே செய்த பிழைக்கு விலை உண்டு. இறந்தவரை ஊரிலுள்ள கோயிலில் பணம் கட்டித்தான் எழுப்ப வேண்டும். அது பலிக்காவிட்டால் உடல் சாம்பலாகும். சாம்பலை எழுப்பும் முயற்சியும் தவறினால் அந்த ஆள் நிரந்தரமாக இல்லை. விளையாட்டுதானே என்று அலட்சியமாக ஒரு கதவைத் திறக்க முடிவதில்லை.

ஜூலை 26

ஆறு பேரும் இறந்துவிட்டார்கள்.

நடந்ததை ஒழுங்காக எழுதிவைக்கிறேன். கீழ் அடுக்கு ஒன்றில் நீண்ட தாழ்வாரம் வழியாகக் கிழக்கு நோக்கி நடந்துகொண்டிருந்தோம். ஒன்பதாவது கட்டத்தைக் கடந்து மேலும் ஏழு கட்டம் போய், இடப்பக்கம் இருந்த கதவைத் திறந்து மூன்று கட்டம் வடக்கே ஏறியதும் ஒரு கும்பல் சூழ்ந்துகொண்டது. முன்வரிசை இரண்டே சுற்றில் விழுந்தது. எதிரியைத் தூங்கவைக்கும் 'கட்டினோ' மந்திரத்தைச் சொல்லப் பொன்னம்மாளிடமும் குப்பாயியிடமும் சக்தி மிச்சமில்லை. முந்தைய சண்டைகளிலேயே தீர்த்துவிட்டிருந்தேன். நாம் நிற்கும் இடத்தைச் சொல்லும் 'டுமாபிக்' மந்திரத்துக்கும் அதே முதல் நிலைச் சக்திதான் செலவாகும். இடம் அறிவதா, உயிர் காப்பதா என்று ஒவ்வொரு முறையும் தேர்ந்தெடுக்க வைக்கும் இந்தக் கணக்குதான் ஆட்டத்தின் உயிர்நாடி என்பது என் கருத்து. நான் வரைபடத்தை நம்பி, 'டுமாபிக்' சொல்லாமலே வந்திருந்தேன்.

இத்துடன் ஆட்டம் முடிந்துவிடவில்லை. விழுந்தவர்களின் உடல்கள் விழுந்த கட்டத்திலேயே கிடக்கும். புதிய குழு ஒன்று போய்த் தேடி எடுத்துவரலாம். ஒரு குழுவில் ஆறு இடங்கள்தான் என்பதால் மூன்று பேரை மட்டும் அனுப்பினால் மூன்று உடல்களைத் தூக்கி வரலாம். அப்படியானால் இரண்டு பயணங்கள்.

ஜூலை 29

செவ்வாய்க்கிழமை ஜவுளிச் சந்தை நாள் என்பதால் கடையில் நிற்க நேரமில்லை. இரவில் மூவரையும் அழைத்துக்கொண்டு அந்தக் கட்டத்துக்கே போனேன். அங்கே வெறும் சுவர். வரைபடத்தில் கதவு என்று நான் குறித்திருந்த இடத்தில் கதவே இல்லை. உயிரோடு திரும்பியதே பெரிது.

ஆகஸ்ட் 3

ஆடிப்பெருக்கு. பவானி கூடுதுறைக்குப் போகும் கூட்டத்தால் சாலை நிரம்பி வழிந்தது. நாங்கள் வீட்டிலேயே கலந்த சாதம் செய்து சாமி கும்பிட்டோம்.

மதியம் என் தாள்களை அப்பா எடுத்துப் பார்த்துக்கொண்டிருந்தார். சென்னிமலையில் முப்பது ஆண்டுகளுக்கு மேல் பெட்ஷீட்டுகளுக்கு, துளையிட்ட அட்டைகளைக் கொண்டு தறியில் நெய்யும் ஜக்கார்டு டிசைன் போட்டவர் அவர். கிராஃப் தாளில் ஒரு கட்டம் நிரப்பினால் அந்த இடத்தில் பாவு இழை, அதாவது தறியில் நீளவாக்கில் ஓடும் நூல், ஒன்று தூக்க வேண்டும் என்று பொருள். அதைப் பார்த்து அட்டையில் துளை குத்துவார்கள். ஒரு வரியைத் தவறாக எண்ணிவிட்டால் தறியில் ஏறும் ஒவ்வொரு போர்வையிலும் அந்தப் பிழை நெய்யப்பட்டுவிடும். அதனால் எந்தக் கிராஃபையும் அவரால் சும்மா பார்க்க முடியாது, எண்ணித்தான் பார்ப்பார். நிலவறை என்பதோ மந்திரம் என்பதோ அவருக்குத் தெரியாது. கட்டங்களை மட்டும் பார்த்தார். தாழ்வாரத்தின் மேற்குப் பாதியில் விரலை வைத்தார், பிறகு கிழக்குப் பாதியில் வைத்தார்.

"கண்ணு, இதும் அதும் ஒண்ணுதான். தலைகீழாத் திருப்பிப் போட்டிருக்குது பாரு."

எனக்குப் புரியவில்லை. அவர் மேற்குப் பாதியை ஒரு மெல்லிய தாளில் படியெடுத்து, அதை அரை வட்டம் சுழற்றிக் கிழக்குப் பாதியின் மேல் வைத்து ஜன்னல் வெளிச்சத்துக்கு எதிரே பிடித்துக் காட்டினார். ஒன்பதாவது கட்டத்திலிருந்து எண்ணினால் இரு பக்கமும் மூன்றாவது கட்டத்தில் ஒரு கதவு, ஏழாவது கட்டத்தில் ஒரு கதவு. கோட்டின் மேல் கோடு பிசகாமல் உட்கார்ந்தது.

ஒன்பதாவது கட்டம் ஒரு சுழல் கட்டம். அதில் கால் வைத்தவர்களை எந்த அறிவிப்பும் இல்லாமல் ஆட்டம் ஏதேனும் ஒரு பக்கம் திருப்பிவிடும். இரு புறமும் ஒரே மாதிரியான தாழ்வாரம் என்பதால் திரையில் எந்த மாற்றமும் தெரியவில்லை. கிழக்கே போவதாக நினைத்து, வந்த வழியிலேயே மேற்கே நடந்திருக்கிறேன். வந்தபோது வலப்பக்கம் பார்த்து, திறக்காமல் விட்ட கதவைத்தான் இடப்பக்கக் கதவு என்று திறந்திருக்கிறேன். சுழல் கட்டத்திலிருந்து கிழக்கே 7, வடக்கே 3 என்று நான் குறித்திருந்த இடம், உண்மையில் மேற்கே 7, தெற்கே 3.

ஆகஸ்ட் 9

இரண்டு பயணங்களும் முடிந்தன. இம்முறை சுழல் கட்டத்தை மிதிக்கவே தேவைப்படவில்லை. இருந்தாலும் கதவுக்கு முன் நின்று 'டுமாபிக்' சொல்லி, அது காட்டிய எண்களைத் தாளோடு ஒப்பிட்ட பிறகுதான் உள்ளே போனேன். முதல் பயணத்தில் சென்னியப்பன், செல்லாத்தாள், குப்பாயி. இரண்டாவதில் மற்ற மூவர். கூட்டிப்போன புதியவர்களில் ஒருவரும் சாகவில்லை.

கோயிலில் ஐந்து பேர் எழுந்தார்கள். பொன்னம்மாள் சாம்பலானாள். அவளை எழுப்பும் அளவுக்குக் கையில் பொன் இல்லை, இருந்தாலும் இன்றிரவே கேட்கும் துணிவும் எனக்கு இல்லை. மேல் அடுக்கில் சில வாரங்கள் சுற்றிப் பணம் சேர்க்க வேண்டும்.

பழைய தாளை அப்பா கிழிக்க விடவில்லை. கிழக்குப் பாதியை மட்டும் அழித்துவிட்டு, ஒன்பதாவது கட்டத்தில் சிவப்புப் பென்சிலால் ஒரு சுழி போட்டுக் கொடுத்தார். அந்தத் தாழ்வாரத்தின் கிழக்கே, அன்று கண்ட வெறும் சுவரைத் தவிர, என்ன இருக்கிறது என்பதை நான் இன்னும் பார்க்கவில்லை.