வால்பாறைக்கு இரண்டரை சென்டிமீட்டர்

பரணைச் சுத்தம் செய்தபோது பழைய ரோடு அட்லஸ் கிடைத்தது. அட்டை போய்விட்டது, முதுகில் பழுப்பு நிற செல்லோடேப், நடுவில் பக்கத்துக்குப் பக்கம் டீ கறை. 90களில் கோயம்புத்தூரிலிருந்து மோட்டார் பம்ப் உதிரிபாகம் விற்கப் போன காலத்தில் சீட்டுக்கு அடியிலேயே கிடந்தது இது.

அப்போதெல்லாம் மாசக் கடைசியில் அடுத்த மாசத்து டூர் புரோகிராம் எழுதித் தரவேண்டும். அட்லஸை விரித்து வைத்துக்கொண்டு, தாராபுரம் போனால் அப்படியே ஒட்டன்சத்திரம், பழனி, உடுமலை என்று ஒரு சுற்று வந்துவிடலாமா என்று விரலால் ஓட்டிப் பார்ப்பேன். போன் இப்போது வழியைச் சொல்கிறது, ஆனால் போகிற ஊரைத்தான் சொல்கிறது. பக்கத்தில் இன்னும் மூன்று டீலர் இருக்கிற ஊர் கண்ணில் படுவதெல்லாம் பெரிய தாளில்தான். என்ன, சில ஊர்கள் சரியாகத் தையலுக்குள் போய்விடும். என் அட்லஸில் திண்டுக்கல் பாதிதான் தெரியும், அழுத்தி விரித்து விரித்துத்தான் முதுகே விட்டுப்போனது.

சண்டை வந்தது டி.ஏ. பில்லில், அதாவது பயணப்படி கேட்டு எழுதித் தருகிற பில்லில். பெரிய ஊர்களுக்கு அட்லஸின் பின்பக்கத்தில் முக்கோணமாக ஒரு தூர அட்டவணை இருக்கும், அதில் இருப்பதைத்தான் ஆபீஸில் ஒத்துக்கொள்வார்கள். வால்பாறை அதில் இல்லை. கணக்குப் பிரிவில் இருந்தவர் ஸ்கேலை எடுத்துப் பொள்ளாச்சியிலிருந்து வைத்தார். இரண்டரை சென்டிமீட்டர். ஒரு சென்டிமீட்டருக்கு 15 கிலோமீட்டர், ஆக 37 என்று எழுதிவிட்டார். நான் எழுதியிருந்தது 65.

"நீங்க சுத்திட்டுப் போயிருக்கீங்க சார்."

சுத்தித்தான் போகணும், அங்கே 40 கொண்டை ஊசி வளைவு இருக்கிறது! ஆனால் அவரையும் குறை சொல்ல முடியாது. அந்த அளவில் ஒரு வளைவைக்கூட வரைய இடம் கிடையாது, கோடு ரெண்டு நெளி நெளிந்துவிட்டு ஊரில் போய் முடிந்துவிடும். ரோட்டு மேலேயே தையல் நூலை ஒட்டி வைத்து, அதை நிமிர்த்தி அளந்து காட்டினேன், அதுவும் 45-க்கு மேல் வரவில்லை. கடைசியில் மைல்கல் கணக்கைச் சொல்லி, மேனேஜர் வரை போய், பாதிப் பணம் வாங்கினேன்.

அட்லஸில் இருக்கிற தேசிய நெடுஞ்சாலை எண்கள் இப்போது உதவாது. 2010-இல் எல்லாவற்றையும் மாற்றிவிட்டார்கள். வடக்கு தெற்காகப் போனால் இரட்டைப்படை, கிழக்கு மேற்கு என்றால் ஒற்றைப்படை, மூன்று இலக்கம் என்றால் கிளை. கன்னியாகுமரி போகிற என்.எச். 7 இப்போது 44, சேலத்திலிருந்து எங்கள் ஊர் வழியாகக் கொச்சிக்குப் போகிற 47 இப்போது 544, அதாவது 44-இன் கிளை. முறை என்னவோ நல்ல முறைதான். ஆனால் எனக்கு இன்னும் வாயில் 47 என்றுதான் வருகிறது, லாரி ஆபீஸில் அப்படிச் சொன்னால் சின்னப் பையன்கள் முழிக்கிறார்கள்.

பழைய பேப்பர்காரருக்குப் போடத்தான் எடுத்து வைத்தேன். சும்மா ஒருமுறை புரட்டியதில், பொள்ளாச்சிப் பக்கத்தில் அந்த நூல் அப்படியே இருந்தது, நீல நூல். சரி, இப்போதைக்குப் பரணிலேயே கிடக்கட்டும்.