ஐந்து நிமிடத்துக்கான மனு

சட்டத்தரணியாகச் சத்தியப்பிரமாணம் செய்த புதிதில், என் சிரேஷ்டரிடம் வந்த பேருந்து நேர அட்டவணை வழக்கொன்றை நான் சற்று அலட்சியமாகவே கையிலெடுத்தேன். பருத்தித்துறை வழித்தடத்தில் பேருந்து ஓட்டும் தனியார் உரிமையாளர் ஒருவர், புதிய அட்டவணையில் தமக்கு ஐந்து நிமிடம் முன்னால் வேறொரு பேருந்து புகுத்தப்பட்டதை எதிர்த்து வந்திருந்தார். ஐந்து நிமிடத்துக்காக மேல் நீதிமன்றம் வரை போகவேண்டுமா என்று நான் கேட்டது அவருக்குப் பிடிக்கவில்லை. "தம்பி, ஒருநாள் விடிய நெல்லியடியிலை வந்து நிண்டு பாருங்கோ" என்றார்.

போய் நின்றேன். முன்னால் வந்த பேருந்து பள்ளிக்கூடப் பிள்ளைகளையும் கந்தோருக்குப் போகிறவர்களையும் அள்ளிக்கொண்டு போய்விட, எங்கள் கட்சிக்காரரின் பேருந்துக்கு ஒரு மூதாட்டியும் அவருடைய இரண்டு வாழைக்குலைகளுமே மிஞ்சியிருந்தன. அன்றைய டீசல் காசுக்கும் அது காணாது.

ஆனால் அந்தக் காட்சியை அப்படியே மனுவில் எழுத முடியாது. எழுத்தாணை, அதாவது அதிகாரியொருவரின் முடிவை நீக்கவோ தடுக்கவோ நீதிமன்றம் இடும் கட்டளை, கேட்டுப் போகிறவரிடம் எந்த நேரம் நியாயமானது என்று நீதிமன்றம் கேட்பதில்லை. அட்டவணையை மாற்றியவருக்கு அதற்கு அதிகாரம் இருந்ததா, மாற்றுமுன் பாதிக்கப்படுபவரை அழைத்து விசாரித்தாரா என்பதையே பார்க்கும். அதற்கும் முன்னால் எந்த நீதிமன்றம் என்ற கேள்வி நிற்கிறது. 1987 இன் பதின்மூன்றாவது திருத்தத்தால் மாகாணத்துக்குள் ஓடும் பேருந்துச் சேவை மாகாண சபையின் விடயமாயிற்று; ஆகவே அதன் அதிகாரிகளுக்கு எதிராக மாகாண மேல் நீதிமன்றத்திலேயே எழுத்தாணை கேட்கலாம். மாகாண எல்லையைத் தாண்டும் சேவை 1991 ஆம் ஆண்டின் 37 ஆம் இலக்கச் சட்டத்தால் அமைந்த தேசிய போக்குவரத்து ஆணைக்குழுவின் கீழ் வருவதால், அதற்குக் கொழும்பிலுள்ள மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்கே போகவேண்டும். வடக்கும் கிழக்கும் 2007 இல் தனித்தனி மாகாணங்களானபோது, யாழ்ப்பாணத்திலிருந்து திருகோணமலைக்குப் போகும் பாதை ஓரங்குலமும் நகராமலே மாகாணங்களுக்கு இடையிலான பாதையாகிவிட்டது.

எங்கள் வழக்கில் எனக்கு மறக்காதது நேரக் கணிப்பாளரின் பதிவேடு. நிழற்பிரதியில் தெரியாத ஒன்று மூலப்பிரதியில் தெரிந்தது: நீல மையில் எழுதிய 6.20 இன் பூச்சியத்தின் மேல் கறுப்பு மையில் ஓர் ஐந்து ஏறியிருந்தது. யார் எழுதியது என்று எவரும் ஒப்புக்கொள்ளவில்லை. அதன் பிறகுதான் எதிர்த்தரப்பு பேசி முடிக்கலாம் என்று இறங்கி வந்தது என்பது என் எண்ணம். சிரேஷ்டர் அதை ஏற்கவில்லை.

அடுத்த தவணைக்கு முன்பே, எங்கள் பேருந்து சற்றுப் பிந்திப் புறப்படுவதாகவும் இடைவெளி பன்னிரண்டு நிமிடமாவதாகவும் இணங்கி, மனு மீளப் பெறப்பட்டது. கட்டணத்தைத் தந்துவிட்டு எழுந்த கட்சிக்காரர் வாசலில் நின்று திரும்பினார். பிந்திப் புறப்படுவதால் இப்போது பின்னால் வரும் இ.போ.ச. பேருந்து தம்மை நெருக்குகிறதாம். 2005 ஆம் ஆண்டுச் சட்டத்தின் கீழ் மத்திய அரசுக்குக் கட்டுப்பட்ட இலங்கை போக்குவரத்துச் சபையின் பேருந்து அது.

"அதுக்கு எந்தக் கோட்டுக்குப் போறது, தம்பி?" என்று கேட்டார். நான் சிரேஷ்டரைப் பார்த்தேன். அவர் கோப்பைக் கட்டிக்கொண்டிருந்தார்.