1866, நெக்ரசோவுக்கு கெட்ட வருஷம்

ரஷ்ய இலக்கியத்துல 1866னு சொன்னா உடனே எல்லாரும் எடுத்து விடற கதை ஒண்ணு இருக்கு. கழுத்து வரைக்கும் கடன்ல தஸ்தயெவ்ஸ்கி, 26 நாள்ல ஒரு நாவல், சுருக்கெழுத்து எழுத வந்த சின்னப் பொண்ணு, நாவலும் முடிஞ்சுது கல்யாணமும் நிச்சயமாச்சு. நானும் நாலு பேருக்கு சொல்லிருக்கேன், சொல்லும்போது நல்லாவே இருக்கும். ஆனா போன மாசம் பூரா அந்த ஒரு வருஷத்தை மட்டும் எடுத்து வச்சுக்கிட்டு ஜனவரில யார் என்ன பண்ணிட்டிருந்தாங்க, ஏப்ரல்ல என்னாச்சுன்னு தோண்டிட்டே இருந்தேன், கடைசில மண்டைக்குள்ள வந்து உக்காந்துக்கிட்டது தஸ்தயெவ்ஸ்கி இல்ல, நெக்ரசோவ். கவிஞர், பத்திரிகை ஆசிரியர், சீட்டாட்டத்துல பெரிய கை.

முதல்ல அந்த வருஷத்துப் பத்திரிகை ஒண்ணைப் பாருங்க. மாஸ்கோல கட்கோவ் நடத்தின 'ரூஸ்கி வெஸ்த்னிக்', மாசம் ஒண்ணு வரும், செங்கல் மாதிரி தடியா இருக்கும். 1866 ஜனவரில தஸ்தயெவ்ஸ்கியோட 'குற்றமும் தண்டனையும்' அதுல தொடரா ஆரம்பிக்குது, ரஸ்கோல்னிகோவ்னு காசில்லாத மாணவன் ஒருத்தன் வட்டிக்கு விடற கிழவியைக் கோடாரியால கொல்ற கதை. பிப்ரவரி இதழ்ல அதோட அடுத்த பகுதி, அதே இதழ்ல டால்ஸ்டாய் எழுதின '1805' மறுபடி தொடங்குது. '1805'னா வேற எதுவும் இல்ல, நாம 'போரும் அமைதியும்'னு படிக்கறோமே அதோட முன்பகுதிதான், அப்ப அந்தப் பேரே வரல. 'எல்லாம் நல்லபடி முடிஞ்சா சரி'ங்கற அர்த்தத்துல வேற ஒரு தலைப்பு வைக்கலாம்னுகூட டால்ஸ்டாய் அந்த வருஷம் யோசிச்சிருக்கார், நல்லவேளை வைக்கல. ஏப்ரல் இதழ்லயும் இதே மாதிரி ரெண்டும் சேர்ந்து வந்துச்சு. தபால்ல வந்த கட்டைப் பிரிச்ச சந்தாதாரர் ரஸ்கோல்னிகோவை படிச்சுட்டு, நாலு பக்கம் தள்ளி இளவரசர் ஆந்த்ரேயைப் படிச்சுட்டு, 'தொடரும்' பார்த்து எரிச்சலாகி மூடி வச்சிருப்பார். இது ரெண்டும் உலக இலக்கியம்னு அவர் காதுல யாரும் ஓதல.

காசு விஷயத்துல மட்டும் வித்தியாசம் தெளிவா இருந்துச்சு. டால்ஸ்டாய்க்கு ஒரு பாரத்துக்கு, அதாவது அச்சுல 16 பக்கத்துக்கு, 300 ரூபிள். தஸ்தயெவ்ஸ்கிக்கு 150. பண்ணை வச்சிருக்கற பிரபுவுக்கு டபுள் ரேட்டு, சாப்பாட்டுக்கே கடன் வாங்கறவருக்கு பாதி. இந்தக் கணக்கு இன்னிக்கும் மாறலன்னுதான் தோணுது.

இப்ப நெக்ரசோவ் எங்க வர்றார்னா, இந்த ரெண்டு பேரையும் கண்டுபிடிச்சதே அவர்தான். 1845ல 23 வயசு தஸ்தயெவ்ஸ்கியோட முதல் நாவல் கையெழுத்துப் பிரதிய நண்பர் ஒருத்தரோட உக்காந்து ராத்திரி பூரா மாத்தி மாத்தி வாசிச்சு, விடியற வரைக்கும் பொறுக்க முடியாம காலைல நாலு மணிக்கே போய்க் கதவைத் தட்டி எழுப்பி கட்டிப் பிடிச்சுக்கிட்டவர். 1852ல காகசஸ்ல இருந்து யாரோ ஒரு ராணுவக்காரர் பேரோட முதல் எழுத்துகளை மட்டும் போட்டு அனுப்பின கதைய வாங்கி, இதுல சரக்கு இருக்குன்னு தன்னோட 'சவ்ரமென்னிக்' பத்திரிகைல போட்டவர், அந்த ராணுவக்காரர்தான் டால்ஸ்டாய். அந்தப் பத்திரிகை 1836ல புஷ்கின் ஆரம்பிச்சது, பத்து வருஷம் கழிச்சு நெக்ரசோவ் நண்பரோட சேர்ந்து எடுத்து ரஷ்யாவோட முதல் பத்திரிகையா ஆக்கி வச்சிருந்தார்.

அப்புறம் ஏன் ரெண்டு பேரும் கட்கோவ்கிட்ட போனாங்கன்னா அது பெரிய சண்டை. 1850கள் கடைசில செர்னிஷெவ்ஸ்கி, தப்ரல்யூபவ்னு எல்லாத்தையும் அடியோட மாத்தணும்ங்கற இளம் எழுத்தாளர்கள் 'சவ்ரமென்னிக்'ல பலமா உக்காந்துட்டாங்க, டால்ஸ்டாய்க்கும் இன்னொரு நாவலாசிரியர் துர்கனேவுக்கும் அது ஒத்து வரல, ஒவ்வொருத்தரா கழண்டுக்கிட்டாங்க. தஸ்தயெவ்ஸ்கி சைபீரியாவுல தண்டனை முடிஞ்சு திரும்பி வந்து அண்ணனோட சேர்ந்து தனியா பத்திரிகை நடத்தி 'சவ்ரமென்னிக்'கோட மல்லுக்கு நின்னவர், கட்கோவோடயும்தான் சண்டை போட்டிருக்கார். 1864ல மனைவி செத்து, அண்ணனும் செத்து, 65ல பத்திரிகையும் படுத்து, ஜெர்மனில வீஸ்பாடன்ல ரூலெட் சூதாட்டத்துல இருந்ததையும் விட்டுட்டு, ஹோட்டல்காரன் சாப்பாடு தரமாட்டேன்னு சொல்லி வெறும் டீயக் குடிச்சுக்கிட்டு இருந்த நேரத்துல வேற போக்கிடம் இல்லாமதான் கட்கோவுக்கு லெட்டர் போட்டு முன்பணம் 300 ரூபிள் கேட்டார். அதுக்கப்புறமும் நவம்பர்ல எழுதி வச்சிருந்ததை எல்லாம் எரிச்சுட்டு புதுசா ஆரம்பிச்சாரு பாருங்க, அந்தத் துணிச்சல் எங்க இருந்து வந்துச்சுன்னு எனக்கு இன்னும் புரியல.

ஆக 1866 தொடங்கும்போது நிலைமை இது: நெக்ரசோவ் வளர்த்து விட்ட ரெண்டு பேரும் அரசாங்கப் பக்கம் சாய்ஞ்ச பத்திரிகைல எழுதறாங்க. 'சவ்ரமென்னிக்'ல இருந்த விமர்சகர் எலிசேயெவ், இது மாணவர்களை அசிங்கப்படுத்தற நாவல்னு 'குற்றமும் தண்டனையும்' முதல் பகுதிகளைப் போட்டுத் தாக்கறார். அந்த ஜனவரியிலதான் மாஸ்கோல தனிலோவ்னு ஒரு மாணவன் வட்டிக்கடைக்காரரையும் வேலைக்காரியையும் கொன்னு நகை பணத்தைக் கொள்ளையடிச்சான், நாவல் அச்சுல இருக்கற அதே நாட்கள்ல. தஸ்தயெவ்ஸ்கிக்கு இதுல ஒரு பெருமையே இருந்துச்சு, பாத்தீங்களா நான் சொன்னது நடக்குதுன்னு.

இதெல்லாம் இலக்கியச் சண்டை. ஏப்ரல் 4 எல்லாத்தையும் புரட்டிப் போட்டுச்சு (தேதி எல்லாம் அந்தக் காலத்து ரஷ்யக் காலண்டர்படி, மத்த ஐரோப்பாவுக்கு 12 நாள் பின்னாடி). பீட்டர்ஸ்பர்க்ல கோடைப் பூங்கா வாசல்ல ஜார் ரெண்டாம் அலெக்சாண்டர் வண்டி ஏறப் போறார், கூட்டத்துல இருந்து கரகோசோவ்னு ஒருத்தன் சுடறான், குண்டு படல. கரகோசோவ் யாருன்னா, ஃபீஸ் கட்டாததால யுனிவர்சிட்டில இருந்து நீக்கப்பட்ட மாணவன். காசில்லாம படிப்பை விட்ட ஒரு மாணவன் ஒரு யோசனைய மண்டைல ஏத்திக்கிட்டு கோடாரி எடுக்கற கதை அந்த மாசம்தான் தொடரா ஓடிட்டிருக்கு! தஸ்தயெவ்ஸ்கி சேதி கேட்டதும் நண்பர் மாய்கோவ் வீட்டுக்கு ஓடி, ஜாரைச் சுட்டுட்டாங்கன்னு நடுங்கிக்கிட்டே சொன்னாராம். பாவம், அவரே ஒரு காலத்துல அரசாங்கத்துக்கு எதிரானவர்னு துப்பாக்கி முன்னாடி நிறுத்தப்பட்டவர்.

விசாரணைக்கு முராவியோவைப் போட்டாங்க. 1863ல போலந்து கிளர்ச்சி நடந்தப்போ லித்துவேனியாப் பக்கம் அதை அடக்கி 'தூக்கு மாட்டற முராவியோவ்'னு பேர் எடுத்த ஆளு. எழுத்தாளர்கள், பத்திரிகைக்காரங்கன்னு வீடு வீடா சோதனை. 1865ல வந்த புது அச்சுச் சட்டப்படி முன்கூட்டி தணிக்கை இல்ல, ஆனா எச்சரிக்கை உண்டு, மூணு வாங்கினா பத்திரிகைய நிறுத்தி வைக்கலாம். 'சவ்ரமென்னிக்' ஏற்கனவே ரெண்டு வாங்கியாச்சு. (இன்னொரு கூத்து, அந்த அச்சு இலாகாவோட கவுன்சில்ல உக்காந்திருந்த ஒருத்தர் நாவலாசிரியர் கோன்சரோவ். பகல்ல தணிக்கை, ராத்திரில நாவல்.)

நெக்ரசோவுக்குத் தெரியும் அடுத்தது தன் பத்திரிகைதான்னு. ஜாரைக் காப்பாத்தினதா சொல்லப்பட்ட கமிஸ்ஸாரவ்ங்கற தொப்பிக்கடைப் பையனைப் புகழ்ந்து ஒரு கவிதை எழுதினார். அது போதாதுன்னு ஏப்ரல் 16 அன்னிக்கு இங்கிலீஷ் கிளப்ல முராவியோவுக்கு நடந்த விருந்துல, சாப்பாடு முடிஞ்சு காபி நேரத்துல எழுந்து போய், அவரைப் புகழ்ந்து எழுதின கவிதைய அவர் முன்னாடியே வாசிச்சார். விவசாயிகளோட கண்ணீரைப் பாடினவர், ரஷ்யாவுல யாரு சந்தோஷமா வாழறாங்கன்னு கேக்கற அவரோட பெரிய காவியத்தோட தொடக்கம் அந்த ஜனவரிலதான் 'சவ்ரமென்னிக்'ல வந்திருந்துச்சு, அந்த மனுஷன் தூக்கு மாட்டறவன் முன்னாடி நின்னு கவிதை படிக்கறார். அங்க உக்காந்திருந்த பழமைவாதிகளுக்கே கூச்சமாப் போச்சு, வெளிய இளைஞர்கள் காறித் துப்பினாங்க. பலன்? ரெண்டே மாசத்துல 'சவ்ரமென்னிக்'கை ஒரேயடியா மூடிட்டாங்க, கூடவே 'ரூஸ்கயே ஸ்லோவ'ங்கற இன்னொரு பத்திரிகையையும். புஷ்கின் தொடங்கி 30 வருஷம்.

நான் இந்த இடத்துல நாலஞ்சு நாள் நின்னுட்டேன். கோழைன்னு சொல்லிட்டுப் போறது ஈஸி. ஆனா அவருக்குப் பின்னாடி ஒரு பத்திரிகை, அதை நம்பி எழுதறவங்க, தண்டனை வாங்கி சைபீரியாவுல கிடக்கற செர்னிஷெவ்ஸ்கி, இத்தனையும் இருக்கு. தன் பேரை அடகு வச்சு பத்திரிகைய மீட்கப் பார்த்தார், பேரும் போச்சு பத்திரிகையும் போச்சு. அடுத்த வருஷமே ஒரு கவிதைல, என் யாழ்ல இருந்து தப்பான சுரம் வந்துருச்சுன்னு தானே ஒத்துக்கிட்டார். ஜெயிச்சிருந்தா இதே காரியத்தை சாமர்த்தியம்னு எழுதிருப்போமோ என்னவோ.

கட்கோவ் பக்கம் மட்டும் சுதந்திரம் வழிஞ்சுதுன்னு நினைக்க வேணாம். சோன்யா ரஸ்கோல்னிகோவுக்கு, செத்து உயிரோட எழுந்த லாசரஸ் கதைய பைபிள்ல இருந்து வாசிக்கற அத்தியாயம், நாவலோட உயிரே அதுதான், அதை அப்படியே போடமாட்டோம்னு திருப்பி அனுப்பி மாத்தி எழுத வச்சாங்க. ஒரு வேசி வாயால சுவிசேஷமான்னு. தஸ்தயெவ்ஸ்கி அந்தக் கோடைய மாஸ்கோ பக்கத்துல லியூப்லினோவுல தங்கச்சி குடும்பத்தோட கழிச்சுக்கிட்டே புலம்பிக்கிட்டே திருத்தினார். டால்ஸ்டாய் அதே கோடைல தன்னோட பண்ணை யாஸ்னயா பல்யானா பக்கத்துல, அதிகாரிய அடிச்ச ஷிபூனின்னு ஒரு சிப்பாய்க்காக ராணுவ கோர்ட்ல வாதாடினார், தோத்துட்டார், ஆகஸ்ட்ல அந்த சிப்பாயைச் சுட்டுட்டாங்க. இந்தச் சம்பவம் வாழ்நாள் பூரா உறுத்தினதா வயசான காலத்துல சொல்லிருக்கார். செப்டம்பர் 3 கரகோசோவைத் தூக்குல போட்டாங்க, கூட்டத்துல நின்னு பார்த்தவங்கள்ல ஓவிய மாணவன் ரேபினும் ஒருத்தர்.

சரி, அந்த 26 நாள் கதையும் ரெண்டு வரில. ஸ்டெல்லோவ்ஸ்கிங்கற பதிப்பாளரோட 3000 ரூபிளுக்கு ஒப்பந்தம், 1866 நவம்பர் 1க்குள்ள புது நாவல் தரலன்னா அடுத்த 9 வருஷம் தஸ்தயெவ்ஸ்கி எழுதற எதையும் அவர் ஓசில போட்டுக்கலாம். அக்டோபர் வரைக்கும் ஒரு வரி எழுதல. நண்பர்கள் ஆளுக்கொரு பகுதி எழுதித் தர்றோம்னதுக்கு, அடுத்தவன் எழுதினதுல என் பேரைப் போடமாட்டேன்னுட்டார். அப்பதான் 20 வயசு அன்னா, அக்டோபர் 4 வந்தாங்க. இவர் சொல்ல அவங்க சுருக்கெழுத்துல எடுத்து வீட்ல போய் விரிச்சு எழுதிட்டு வர, மாசக் கடைசிக்குள்ள 'சூதாடி' ரெடி. கொண்டு போனா பதிப்பாளர் ஊர்லயே இல்ல, ஆபீஸ்ல வாங்க மாட்டேங்கறாங்க, கடைசில போலீஸ் ஸ்டேஷன்ல ஒப்படைச்சு நேரம் போட்டு ரசீது வாங்கினார். எனக்கு இந்தக் கதைல பிடிச்சது காதல் இல்ல, அந்த ரசீதுதான். டிசம்பர்ல 'குற்றமும் தண்டனையும்' முடிஞ்சுது, கடைசிப் பகுதியும் அன்னா கைப்பட.

நெக்ரசோவ் அந்த டிசம்பர்ல பத்திரிகை இல்லாத ஆசிரியர். 1868ல 'அத்தேச்செஸ்த்வென்னியே ஸப்பீஸ்கி'ங்கற பத்திரிகைய எடுத்து நடத்தி மறுபடி எழுந்துட்டார், 1875ல தஸ்தயெவ்ஸ்கியோட ஒரு நாவல்கூட அதுலதான் வந்துச்சு. ஆனா அந்த விருந்து விஷயம் கடைசி வரைக்கும் விடல. 1877 டிசம்பர்ல நெக்ரசோவ் செத்துட்டார்னு சேதி வந்ததும் தஸ்தயெவ்ஸ்கி அவரோட கவிதைத் தொகுப்பு மூணையும் எடுத்து வச்சுக்கிட்டு முதல் பக்கத்துல இருந்து வாசிக்க ஆரம்பிச்சார். எழுந்திரிச்சப்போ காலைல ஆறு மணி.