சிந்திக் கவிதைப் புத்தகம் ஒன்றை அச்சுக்குக் கொண்டுபோன அனுபவம்

உல்ஹாஸ்நகரில் ஒரு சிந்திக் குடும்பம், மறைந்த பெரியவரின் கவிதைகளைப் புத்தகமாக்கித் தரச் சொன்னது. மும்பையில் உருதுப் பக்கங்கள் அமைத்துப் பழகியவன் என்பதால் என்னிடம் வந்தார்கள். இந்தியாவில் சிந்தியைத் தேவநாகரியிலும் எழுதுகிறார்கள். ஆனால் பெரியவர் எழுதியது அரபு எழுத்தில், புத்தகமும் அப்படியே வரவேண்டும் என்றார்கள்.

முதலில் எழுத்துரு. 'அரபு ஆதரவு உண்டு' என்று போட்டிருப்பதை நம்பிப் பயனில்லை. 1853இல் வரையறுத்த சிந்தி நெடுங்கணக்கில் 52 எழுத்துகள். நாலு புள்ளி வைத்த எழுத்துகளையும், 'உம்', 'இல்' இரண்டுக்கும் சிந்தியில் உள்ள தனிக் குறிகளையும் ஒரே வரியில் அடித்து, கிடைத்த எழுத்துருவில் எல்லாம் போட்டுப் பார்த்தேன். பல அங்கேயே கழிந்தன. எழுத்து இல்லாத இடத்தில் வெறும் கட்டம் விழும், இல்லையென்றால் ஓர் எழுத்து மட்டும் வேறு எழுத்துருவிலிருந்து வந்து துருத்திக்கொண்டு நிற்கும். மஜீத் புர்கிரி உருவாக்கிய எம்பி லதீஃபியும், எஸ்ஐஎல் என்ற மொழியியல் அமைப்பு இலவசமாகத் தரும் ஷெஹரசாத் நியூவும் தேறின. பின்னதில் மொழியைச் சிந்தி என்று குறித்தால் சில வடிவங்கள் தானாகவே சிந்தி வழக்குக்கு மாறுகின்றன. அதையே எடுத்துக்கொண்டேன்.

பெரிய தலைவலி ககரம்தான். உருதுவில் சாதாரண 'க'வாக வரும் வடிவம், சிந்தியில் மூச்சு சேர்ந்த 'க'. சிந்தியின் சாதாரண 'க'வோ, அரபு எழுத்துக்கலையில் அழகுக்காகக் கிடையாக நீட்டி எழுதும் வடிவம். குடும்பம் கொடுத்த கோப்பை யாரோ உருது விசைப்பலகையில் அடித்திருந்தார்கள்; இரண்டும் ஒன்றாகிக் கிடந்தன. மென்பொருளில் தேடி மாற்றிவிட முடியாது, சொல்லைப் படிக்கத் தெரிந்தவர்தான் பிரிக்க முடியும். பெரியவரின் தங்கை நோட்டுப்புத்தகத்தோடு ஒப்பிட்டுப் பென்சிலால் வட்டம் போட்டுக் கொடுத்தார். அதிக நாள் பிடித்தது இதற்குத்தான்.

அட்டையில் நஸ்தாலீக், அதாவது உருதுவில் வழங்கும் சரிவான எழுத்துப் பாணி, வேண்டும் என்றான் பேரன். உருதுவுக்கு அது அழகுதான். ஆனால் எழுத்துகள் சரிந்து இறங்கும்போது நாலு புள்ளிகளும் பக்கத்து எழுத்தின் தலையில் போய் உட்கார்ந்தன. "சிந்தியை நாங்கள் நஸ்க்கில்தான் படித்தோம்" என்று, நேர்வரியில் அமையும் பாணியைச் சொல்லிப் பாட்டி முடித்ததும் பேச்சு முடிந்தது. அப்புறம் தலைப்பை மட்டும் ஒரு காதிப்பிடம் (எழுத்துக்கலைஞர்) சுலுஸ் என்ற அலங்காரப் பாணியில் கையால் எழுதி வாங்கி ஸ்கேன் செய்தோம்.

உள்பக்கங்களில் 12 பாயின்ட் போதவில்லை. தாளில் நாலு புள்ளியும் ஒரே மைப்பொட்டாகத் தெரிந்தது. 16க்கு ஏற்றி, வரி இடைவெளியையும் கூட்டினேன். பக்கமும் செலவும் ஏறியதில் குடும்பத்துக்குக் கொஞ்சம் முணுமுணுப்பு. புரூஃப் தாளைப் பார்த்த பாட்டி கண்ணாடி இல்லாமலே படிக்க முடிகிறது என்றார், சரி என்று அச்சுக்கு விட்டார்கள்.