நிக்சனின் நான்கு விவாதங்கள்

செப்டம்பர் 26

1960இல் இதே தேதியில்தான் சிகாகோ ஸ்டுடியோ ஒன்றில் அமெரிக்க அதிபர் வேட்பாளர்கள் கென்னடியும் நிக்சனும் முதல்முறையாகத் தொலைக்காட்சியில் விவாதித்தார்கள். மொத்தம் நான்கு விவாதங்கள். ஒவ்வொன்றையும் அது நடந்த தேதியிலேயே முழுசாகப் பார்ப்பது என்று உட்கார்ந்திருக்கிறேன், ஏனென்றால் நிக்சன் பேச்சை எடுத்தாலே முதல் விவாதத்தில் அவருக்கு வியர்த்தது, மேக்கப் சரியில்லாதது என்று சொல்லி முடித்துவிடுகிறார்கள், அவர் என்ன பேசினார் என்று கேட்டால் யாருக்கும் தெரிவதில்லை.

வியர்வை உண்மைதான். முழங்கால் காயத்தில் கிருமி தொற்றி மருத்துவமனையில் படுத்துவிட்டு வந்தவர், உடம்பு இளைத்துச் சட்டைக் காலர் கழுத்தில் தொளதொளவென்று கிடக்கிறது. ஆனால் என்னை உறுத்தியது வேறு. கென்னடி எட்டு நிமிடம் பேசி முடிக்கிறார், நிக்சன் எழுந்ததுமே அவர் சொன்னதில் பலவற்றை நாங்களும் ஏற்கிறோம் என்று ஆரம்பிக்கிறார். அப்புறம் வனோகர் என்ற நிருபர், நிக்சன் யோசனை எதையாவது ஏற்றிருக்கிறீர்களா என்று கேட்டதற்கு, ஒரு வாரம் கொடுங்கள், ஞாபகம் வரலாம் என்று அதிபர் ஐசனோவரே சொன்னாரே, என்று நிக்சனிடம் கேட்கிறார். எட்டு வருடம் துணை அதிபராக இருந்தவரிடம்! அது விளையாட்டாகச் சொன்னது என்று சமாளிக்கிறார். எனக்கு உண்மையிலேயே பாவமாக இருந்தது.

அக்டோபர் 7

இரண்டாவது. இந்த முறை மேக்கப் போட்டிருக்கிறார், குரலும் தெளிவு. நன்றாகவே பேசுகிறார். ஆனால் முதல் இரவு பார்த்த கூட்டம் இதற்கு இல்லை.

அக்டோபர் 13

நிக்சன் லாஸ் ஏஞ்சலிஸில், கென்னடி நியூயார்க்கில், ஒரே திரையில் இரண்டு பேரும். முன்னாள் அதிபர் ட்ரூமன் மேடையில் கெட்ட வார்த்தை பேசியதைப் பற்றி ஒரு கேள்வி. அதிபர் பதவிக்கு ஒரு கண்ணியம் வேண்டும், குழந்தைகள் பார்க்கிறார்கள் என்று நிக்சன் உருகிப் பேசுகிறார், பொய்யாகத் தெரியவில்லை. பின்னால் அவரே அதிபராகி, 1974இல் அவருடைய வெள்ளை மாளிகை உரையாடல்களின் ஒலிநாடாக்கள் எழுத்தில் வந்தபோது பக்கத்துக்குப் பக்கம் வசைச்சொற்களை நீக்கியிருந்தார்கள். அதை நினைத்துக்கொண்டு இதைப் பார்க்க மனசு கனத்துவிட்டது.

அக்டோபர் 21

கடைசி விவாதம், கியூபா. காஸ்ட்ரோவை எதிர்ப்பவர்களுக்கு உதவ வேண்டும் என்ற கென்னடி தரப்பின் யோசனை ஆபத்தானது, பொறுப்பற்றது என்று அடித்துப் பேசுகிறார் நிக்சன். அவர்களுக்கு அரசு ரகசியமாகப் பயிற்சி கொடுத்துக்கொண்டிருந்தது அவருக்குத் தெரியும், அதை ஆதரித்தவரும்கூட. ரகசியத்தைக் காப்பாற்றவே அப்படிப் பேசியதாகப் பின்னால் அவரே எழுதினார். நான்கு இரவுகளில் அவர் இவ்வளவு உறுதியாகப் பேசியது தான் நம்பாத ஒன்றை! வியர்வையைவிட இதுதான் நினைவில் நிற்க வேண்டியது என்பேன்.

சுமார் 1,13,000 வாக்கு வித்தியாசத்தில் தோற்றார். 1968 தேர்தலில் எதிர் வேட்பாளர் ஹம்ஃப்ரி கூப்பிட்டும் விவாதத்துக்கு வரவில்லை, 1972இலும் இல்லை, இரண்டிலும் ஜெயித்தார். அதிபர் வேட்பாளர்கள் இருவரை மறுபடி நேருக்கு நேர் நிறுத்திப் பார்க்க அமெரிக்க வாக்காளர்கள் 1976 வரை காத்திருக்க வேண்டியிருந்தது.